பின்தொடரும் விளையாட்டுகள் எங்கே போயின? ட்விட்ச் செயலியில் கணினி முதல் தொலைக்காட்சி வரை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வீடியோ விளையாட்டு நேரலைகளைத் தொடர்ந்து பார்ப்பவர்களிடமிருந்து ஒரே குறை பல வடிவங்களில் வருகிறது. கணினியில் பத்து இருபது விளையாட்டுகளைப் பின்தொடர்ந்து வைத்திருப்பார்கள்; கைப்பேசியைத் திறந்தால் அந்த வரிசை கண்ணில் படாது; தொலைக்காட்சியில் வேறு எதுவோ தெரியும். பட்டியல் அழிந்துவிட்டது என்று முடிவு கட்டி, முதலிலிருந்து ஒவ்வொன்றாக மறுபடியும் சேர்க்கத் தொடங்குவார்கள். பெரும்பாலும் எதுவும் அழிந்திருக்காது, அது வேறு ஓர் இடத்தில் இருக்கும், அவ்வளவுதான். 2011 ஜூன் மாதம் ஜஸ்டின்.டிவி என்ற நேரலைத் தளத்தின் கிளையாகத் தொடங்கி, 2014இல் அமேசான் கைக்கு வந்த ட்விட்ச் என்ற நேரலைத் தளத்தில் விளையாட்டுகளைப் பின்தொடரும் வசதி நெடுநாளாக இருக்கிறது. ஆகவே கீழே உள்ள விடைகள் ட்விட்ச்சை முன்வைத்தே எழுதப்பட்டுள்ளன. செயலியின் முகப்பை ட்விட்ச் அவ்வப்போது மாற்றி அமைப்பதால், பொத்தான் எந்த மூலையில் இருக்கிறது என்பதோடு, அது ஏன் அங்கே இருக்கிறது என்பதையும் சொல்ல முயன்றிருக்கிறேன்.

சேனலைப் பின்தொடர்வதற்கும் விளையாட்டைப் பின்தொடர்வதற்கும் என்ன வேறுபாடு?

இந்த வேறுபாடு தெளிவானால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும். சேனல் என்பது ஒரு மனிதரையோ ஒரு குழுவையோ சார்ந்தது. அவர் இன்று ஒரு விளையாட்டும் நாளை இன்னொன்றும் ஆடலாம், ஒன்றும் ஆடாமல் பேசிக்கொண்டும் இருக்கலாம். எதைச் செய்தாலும் உங்கள் சேனல் பட்டியலில் அவர் பெயர் இருக்கும். விளையாட்டைப் பின்தொடர்வது இதற்கு நேர்மாறானது. அங்கே யார் ஆடுகிறார் என்பது பொருட்டல்ல. அந்த விளையாட்டை அந்த நேரத்தில் ஆடிக்கொண்டிருக்கும் எல்லாருடைய நேரலைகளும் ஒரே பக்கத்தில் உங்களுக்குத் திறக்கின்றன.

இரண்டும் தனித்தனிப் பட்டியல்கள். ஒரு விளையாட்டைப் பின்தொடர்ந்ததால் அதை ஆடும் எவருடைய சேனலும் உங்கள் பட்டியலில் சேராது. ஒரு ஸ்ட்ரீமரை, அதாவது நேரலை செய்பவரைப் பின்தொடர்ந்ததால் அவர் ஆடும் விளையாட்டும் சேராது. இரண்டுக்கும் பொத்தானின் பெயர் 'ஃபாலோ' என்றே இருப்பதாலும், இரண்டிலும் இதயக் குறியே போடப்பட்டிருப்பதாலும், நேரலை ஓடும்போது திரைக்குக் கீழே உள்ள இதயத்தைத் தொட்டுவிட்டு, விளையாட்டைப் பின்தொடர்ந்ததாகப் பலர் நினைத்துக்கொள்கிறார்கள். அந்த இதயம் சேனலுக்கு உரியது. விளையாட்டுக்கு உரிய இதயம் அந்த விளையாட்டின் பக்கத்தில், அதன் அட்டைப் படத்துக்கு அருகில் இருக்கிறது.

என் பட்டியல் கைப்பேசியில் சேமிக்கப்படுகிறதா, கணினியில் சேமிக்கப்படுகிறதா?

இரண்டிலும் இல்லை, அது உங்கள் கணக்கில், ட்விட்ச்சின் சர்வரில் இருக்கிறது. நீங்கள் இதயத்தைத் தொட்டவுடன், இந்தக் கணக்கு இந்த விளையாட்டைப் பின்தொடர்கிறது என்ற ஒரு வரி அங்கே எழுதப்படுகிறது. அதன்பின் எந்தக் கருவியில் அதே கணக்கோடு உள்நுழைந்தாலும், அந்தக் கருவி சர்வரிடம் கேட்டுப் பட்டியலை வாங்கிக் காட்டுகிறது.

இதிலிருந்து இரண்டு விஷயங்கள் புரிகின்றன. ஒன்று, கைப்பேசி தொலைந்தாலும் உடைந்தாலும் பட்டியலுக்கு ஒன்றும் ஆகாது. இரண்டு, ஒரு கருவியில் பட்டியல் தெரியவில்லை என்றால், ஒன்று அந்தக் கருவி வேறு கணக்கில் இருக்கிறது, அல்லது பட்டியலை நீங்கள் எதிர்பாராத இடத்தில் வைத்திருக்கிறது. இணைப்புக் கோளாறோ செயலியின் பழுதோ காரணமாக இருப்பது இவ்விரண்டையும்விடக் குறைவு. ஆகவே தேடலை எப்போதும் கணக்கிலிருந்து தொடங்குங்கள். அமைப்புகளைத் திறந்து பயனர் பெயரை எழுத்தெழுத்தாகப் பாருங்கள். புரொஃபைல் படத்தை மட்டும் பார்த்துத் தீர்மானிக்க வேண்டாம், ஏனென்றால் இரண்டு கணக்குக்கும் ஒரே படத்தை வைத்திருப்பவர்கள் நிறையப் பேர்.

கணினியில் எங்கே பார்க்க வேண்டும்?

உலாவியில் ட்விட்ச்சைத் திறந்ததும் இடப் பக்கம் ஒரு பட்டை தெரியும். கண் முதலில் அங்கேதான் போகும். ஆனால் அந்தப் பட்டையில் இருப்பவை நீங்கள் பின்தொடரும் சேனல்களும், ட்விட்ச் பரிந்துரைக்கும் சேனல்களும்தான். விளையாட்டுகளுக்கு அங்கே இடமில்லை. எவ்வளவு கீழே உருட்டினாலும் கிடைக்காது.

திரையின் மேல் வரிசையில், ட்விட்ச் சின்னத்துக்குப் பக்கத்தில், 'ஃபாலோயிங்' என்று எழுதியிருக்கும். அதைச் சொடுக்கினால் வரும் பக்கத்தில் சில டேப்கள் இருக்கும். அவற்றில் 'கேட்டகிரீஸ்' என்பதே உங்கள் விளையாட்டுகள் இருக்கும் இடம். நீள்சதுர அட்டைப் படங்கள் வரிசையாக நிற்கும்; ஒவ்வொன்றின் கீழும் விளையாட்டின் பெயரும் அப்போது பார்த்துக்கொண்டிருப்பவர்களின் எண்ணிக்கையும் இருக்கும்.

ஒரு சிறிய விஷயம் பலரைத் தடுமாற வைக்கிறது. உலாவியின் சாளரத்தைப் பாதித் திரைக்குச் சுருக்கி வைத்திருந்தால், மேல் வரிசையில் 'ஃபாலோயிங்' என்ற சொல் இருக்காது. அந்த இடத்தில் ஓர் இதயக் குறி மட்டும் நிற்கும். ஒரு பக்கம் வேலையையும் மறு பக்கம் நேரலையையும் வைத்துக்கொள்பவர்கள், நேற்று இருந்த பொத்தான் இன்று இல்லை என்று சொல்வது இதனால்தான். சாளரத்தை அகலமாக்கினால் சொல் திரும்ப வந்துவிடும்.

கைப்பேசிச் செயலியில் அது எங்கே இருக்கிறது?

ஆண்ட்ராய்டிலும் ஐபோனிலும் இடம் ஏறக்குறைய ஒன்றுதான், ஆனால் செயலியின் பதிப்பைப் பொறுத்து வழி மாறும். நெடுங்காலமாக இருந்த அமைப்பில், திரையின் அடியில் உள்ள பட்டையில் 'ஃபாலோயிங்' என்ற டேப் இருந்தது. அதைத் தொட்டால் நேரலையில் உள்ள சேனல்களுக்கு மேலே விளையாட்டு அட்டைகள் ஒரு குறுக்கு வரிசையாக நின்றன. பிற்பாடு வந்த அமைப்பில், முகப்புப் பக்கத்தின் உச்சியில் 'ஃபாலோயிங்', 'லைவ்' போன்ற சொற்கள் அடுத்தடுத்து வருகின்றன. அடிப் பட்டையில் தேடிப் பயனில்லை, மேலே பார்க்க வேண்டும். செயலி புதுப்பிக்கப்பட்ட மறுநாளே பட்டியல் தொலைந்தது போலத் தோன்றினால், இந்த இடமாற்றம்தான் காரணமா என்று முதலில் பாருங்கள்.

வரிசை கிடைத்த பின்னும், இருபது விளையாட்டுகளில் மூன்றோ நான்கோ மட்டும் இருக்கின்றன என்று சிலர் சொல்வார்கள். கைப்பேசித் திரையின் அகலத்தில் அவ்வளவு அட்டைகள்தான் அடங்கும். கடைசி அட்டை பாதி வெட்டுப்பட்டது போல விளிம்பில் நிற்பதைக் கவனியுங்கள். வரிசை அதற்கப்பாலும் நீள்கிறது என்பதற்கு அதுவே அடையாளம். விரலை வலமிருந்து இடமாக இழுத்தால் மற்றவை வரும். வேறு கருவியில் சற்று முன் சேர்த்த விளையாட்டு இங்கே தெரியவில்லை என்றால், பக்கத்தைக் கீழ்நோக்கி இழுத்துவிடுங்கள்; பட்டியல் சர்வரிலிருந்து புதிதாக வரும். அதுவும் போதவில்லை என்றால் செயலியை முழுவதுமாக மூடித் திறக்கலாம்.

செயலி வேண்டாம், கைப்பேசியின் உலாவியிலேயே பார்க்க முடியுமா?

முடியும், ஆனால் கைப்பேசிக்கென்று சுருக்கப்பட்ட தளம் எல்லா டேப்களையும் காட்டுவதில்லை. உலாவியின் பட்டியில் 'டெஸ்க்டாப் தளம்' என்று ஒரு தெரிவு இருக்கும். அதைப் போட்டுக்கொண்டால் கணினியில் தெரியும் பக்கமே சிறிய எழுத்தில் வரும். மறைநிலைச் சாளரத்தில் திறந்தால் உள்நுழைவு நினைவில் இருக்காது என்பதையும் மறக்க வேண்டாம்.

தொலைக்காட்சியிலும் விளையாட்டுக் கன்சோலிலும் எப்படி?

தொலைக்காட்சிக்கான செயலி வேறொரு நோக்கில் கட்டப்பட்டது. நாற்காலியில் சாய்ந்துகொண்டு ரிமோட்டின் நான்கு அம்புகளால் நகர்பவருக்காக அது அமைந்திருப்பதால், நேரலையில் உள்ள சேனல்களையே முன்னால் நிறுத்துகிறது. மற்றவை பின்வரிசைக்குப் போகின்றன. இடப் பக்கப் பட்டியிலிருந்து 'ஃபாலோயிங்' பக்கத்துக்குப் போய், ரிமோட்டின் கீழ் அம்பை அழுத்தி ஒவ்வொரு வரிசையாக இறங்கிப் பாருங்கள். அங்கே விளையாட்டு வரிசை தென்படாவிட்டால் நேரத்தை வீணாக்காமல் தேடல் பெட்டியில் விளையாட்டின் பெயரைத் தட்டுவதே சுருக்கமான வழி. பெயரின் முதல் நான்கைந்து எழுத்துகளே பெரும்பாலும் போதும்.

சில கருவிகளில் செயலியே இல்லை. நின்டெண்டோ ஸ்விட்ச்சுக்கு 2021 நவம்பரில் வந்த ட்விட்ச் செயலி 2024 ஜனவரி 31 அன்று நிறுத்தப்பட்டது. அதில் மட்டுமே பார்த்து வந்தவர்களுக்குக்கூடப் பட்டியல் போய்விடவில்லை. அதே கணக்கோடு கைப்பேசியில் நுழைந்தால், கன்சோலில் சேர்த்தவையும் அங்கேயே இருக்கும்.

தொலைக்காட்சியில் நான் சேர்க்காத விளையாட்டுகள் தெரிகின்றன. ஏன்?

அது அநேகமாக வேறு கணக்கு. இதை நான் பட்டறிந்தே எழுதுகிறேன். புதிய தொலைக்காட்சியில் செயலியை நிறுவியபோது, திரையில் ஒரு குறியீடு வந்தது. அதைக் கைப்பேசியிலோ கணினியிலோ செயல்படுத்தும் பக்கத்தில் தட்ட வேண்டும். மேசையில் கிடந்த பழைய டேப்லெட்டை எடுத்து, அதன் உலாவியில் அந்தப் பக்கத்தைத் திறந்து, குறியீட்டை ஒவ்வோர் எழுத்தாகத் திரையைப் பார்த்துப் பார்த்துத் தட்டினேன். தொலைக்காட்சி உடனே திறந்துகொண்டது. ஆனால் என் முப்பதுக்கும் மேற்பட்ட விளையாட்டுகளுக்குப் பதிலாக மைன்கிராஃப்ட்டின் அட்டை ஒன்று மட்டும் நின்றது. செயலியை நீக்கினேன், மீண்டும் நிறுவினேன், அதே டேப்லெட்டில் அதே வேலையைச் செய்தேன், அதே மைன்கிராஃப்ட் வந்தது. ஒரு மாலைப்பொழுது முழுவதும் போன பிறகுதான் அந்த டேப்லெட்டின் வலது மூலையில் இருந்த சிறிய வட்டப் படத்தைத் தொட்டுப் பார்த்தேன். பல ஆண்டுகளுக்கு முன், கைவிட்ட ஒரு மின்னஞ்சலில் திறந்த கணக்கு அதில் இன்னும் உள்ளேயே இருந்தது.

குறியீட்டைத் தட்டும் உலாவி எந்தக் கணக்கில் இருக்கிறதோ, அந்தக் கணக்கில்தான் தொலைக்காட்சி திறக்கும். தொலைக்காட்சி தனியாகப் பெயரையோ கடவுச்சொல்லையோ கேட்பதில்லை. எனவே குறியீட்டைத் தட்டும் முன் அந்த உலாவியில் யார் உள்ளே இருக்கிறார் என்று பார்த்துக்கொள்ளுங்கள். வீட்டில் பலர் பார்க்கும் பெட்டியில் வேறொருவர் முன்பே உள்நுழைந்திருந்தாலும் இதே நிலைமைதான். அவருடைய பட்டியலில் நீங்கள் கை வைப்பதற்கு முன், வெளியேறி உங்கள் கணக்கில் நுழைவது இருவருக்கும் நல்லது.

ஒரு விளையாட்டை நான் உண்மையிலேயே பின்தொடர்கிறேனா என்று எப்படி உறுதி செய்துகொள்வது?

எந்தக் கருவியிலும், எந்தப் பதிப்பிலும் செல்லுபடியாகும் வழி ஒன்று உண்டு. தேடல் பெட்டியில் விளையாட்டின் பெயரைத் தட்டி, முடிவுகளில் சேனலைத் தொடாமல் விளையாட்டின் அட்டையைத் தொட்டு, அதன் பக்கத்துக்குப் போங்கள். இதயம் நிரம்பியிருந்தால் பின்தொடர்கிறீர்கள். வெறும் கோடாக, 'ஃபாலோ' என்ற சொல்லோடு நின்றால் பின்தொடரவில்லை. பட்டியல் எங்கே ஒளிந்திருக்கிறது என்று தேடி அலைவதைவிட, ஒரே ஒரு விளையாட்டை வைத்து இந்தச் சோதனையைச் செய்தால், பழுது கணக்கிலா இடத்திலா என்பது அரை நிமிடத்தில் தெரிந்துவிடும். இதயம் நிரம்பியிருக்கிறது என்றால் கணக்கு சரி, இடத்தைத் தேட வேண்டும். இதயம் காலியாக இருக்கிறது என்றால் இடத்தைத் தேடுவதில் பொருளில்லை, கணக்கைப் பார்க்க வேண்டும்.

'கேம்ஸ்' என்ற டேப் முன்பு இருந்ததே, அது எங்கே?

அதுதான் இப்போது 'கேட்டகிரீஸ்'. விளையாட்டுகளுக்காகவே தொடங்கிய தளத்தில் இசை, ஓவியம், சமையல், வெறும் உரையாடல் என்று மற்றவையும் பெருகியதால், 'விளையாட்டு' என்ற சொல் பொருந்தாமல் போனது. சதுரங்கம் அங்கே ஒரு வகை, 'ஜஸ்ட் சாட்டிங்' இன்னொரு வகை. பழைய குறிப்புகளைப் படித்துவிட்டு 'கேம்ஸ்' என்ற சொல்லையே தேடுபவர்கள் சரியான டேப்பைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

நான் பின்தொடரும் விளையாட்டில் எப்போது பார்த்தாலும் யாருமே நேரலையில் இல்லை. இது பழுதா?

பழுது அல்ல, பெரும்பாலும் விளையாட்டு இடம் மாறியிருக்கும். ட்விட்ச் ஒவ்வொரு விளையாட்டையும் ஒரு தனி எண்ணோடு பதிந்து வைத்திருக்கிறது. விளையாட்டுகள் பற்றிய விவரங்கள் ஐஜிடிபி என்ற தரவுத்தளத்திலிருந்து வருகின்றன. 2019இல் அந்தத் தரவுத்தளத்தையே ட்விட்ச் வாங்கிவிட்டது. நீங்கள் பின்தொடர்வது அந்த எண்ணைத்தான். அடுத்த பாகம் வெளிவரும்போது அது தரவுத்தளத்தில் புதிய எண்ணோடு புதிய பதிவாக ஏறுகிறது. ஸ்ட்ரீமர்கள் அங்கே குடிபெயர்ந்துவிடுகிறார்கள். உங்கள் இதயம் பழைய பக்கத்திலேயே நின்றுவிடுகிறது.

இதற்கு ஆண்டுதோறும் பாகம் வெளியிடும் கால்பந்து விளையாட்டைவிட நல்ல எடுத்துக்காட்டு இல்லை. 'ஃபிஃபா 23' அந்தப் பெயரில் ஈஏ நிறுவனம் வெளியிட்ட கடைசிப் பாகம். அதற்கு அடுத்தது 2023 செப்டம்பர் 29 அன்று 'ஈஏ ஸ்போர்ட்ஸ் எஃப்சி 24' என்று பெயரே மாறி வந்தது. 2024 செப்டம்பரில் 'எஃப்சி 25' வந்தது. 'ஃபிஃபா 23' பக்கத்தைப் பின்தொடர்ந்தவர் அதையே திறந்து பார்த்துக்கொண்டிருந்தால், முன்பு கூட்டமாக இருந்த பக்கம் மாதத்துக்கு மாதம் வெறிச்சோடிப் போவதைத்தான் காண்பார். புதிய பாகத்தைத் தேடி அதன் இதயத்தைத் தொட வேண்டும். தானாக எதுவும் மாறாது.

பெயர் ஒத்திருப்பதால் வரும் பிழையும் உண்டு. 'பப்ஜி: பேட்டில்கிரவுண்ட்ஸ்' வேறு, 'பப்ஜி மொபைல்' வேறு. கணினியில் ஆடுவதைப் பார்க்க விரும்பியவர் கைப்பேசிப் பதிப்பைப் பின்தொடர்ந்துவிட்டு, தான் விரும்பும் ஸ்ட்ரீமர்கள் ஏன் வரவில்லை என்று கேட்பதைப் பலமுறை கேட்டிருக்கிறேன். அட்டைப் படத்தை ஒரு கணம் நிதானமாகப் பார்த்தாலே வேறுபாடு தெரியும்.

விளையாட்டின் பக்கம் கைப்பேசியில் நிறைந்திருக்கிறது, கணினியில் நாலைந்து பேர்தான் இருக்கிறார்கள். ஏன்?

முதலில் மொழி வடிகட்டியைப் பாருங்கள். எப்போதோ ஒரு நாள் ஒரு மொழியை மட்டும் தெரிவு செய்து வைத்திருப்போம். அந்த மொழியில் நேரலை செய்பவர்கள் மட்டுமே பக்கத்தில் மிஞ்சுவார்கள். டேக் எதையாவது போட்டு வடிகட்டியிருந்தாலும் அப்படித்தான். இரண்டையும் எடுத்துவிட்டுப் பக்கத்தை மறுபடி ஏற்றிப் பாருங்கள்.

அடுத்தது உள்ளடக்க முத்திரைகள். 2023 ஜூன் முதல், வயது வந்தோருக்கானவை, சூதாட்டம், கடும் வன்முறை போன்றவற்றுக்குத் தனித்தனி முத்திரை இடும் முறை ட்விட்ச்சில் இருக்கிறது. வயது வந்தோருக்கு என்று மதிப்பிடப்பட்ட விளையாட்டுகளுக்கு அந்த முத்திரை தானாகவே விழுகிறது. முத்திரை இட்டவற்றை மறைத்துக்கொள்ளும் தெரிவு அமைப்புகளில் உண்டு. அதை இயக்கிவிட்டு மறந்தவருக்கு, முத்திரை விழுந்த விளையாட்டு பாதி காணாமல் போனது போலத் தோன்றும். வீட்டில் பிள்ளைகளுக்காக அதை இயக்கியிருந்தால் அப்படியே விடுவதே சரி. தேவையென்றால் உங்களுக்கென்று வேறு கணக்கை வைத்துக்கொள்ளுங்கள்.

விளையாட்டைப் பின்தொடர்ந்தால் அறிவிப்பு வருமா?

சேனலுக்கு வருவது போல வராது. நேரலை தொடங்கியதும் கைப்பேசியை ஒலிக்க வைக்கும் மணிக் குறி சேனலுக்கு உரியது. பெரிய விளையாட்டுகளில் எந்த நொடியிலும் யாராவது நேரலையைத் தொடங்கிக்கொண்டே இருப்பார்கள், ஒவ்வொருவருக்கும் அறிவிப்பு வந்தால் கைப்பேசியைக் கையில் வைத்திருக்க முடியாது. விளையாட்டுப் பட்டியல் நீங்களாகத் தேடிப் போய்த் திறக்க வேண்டிய கதவு. அதனால்தான் அந்தக் கதவு எங்கே இருக்கிறது என்று ஒவ்வொரு கருவியிலும் தெரிந்துவைத்திருப்பது இவ்வளவு தேவைப்படுகிறது.

அப்படியானால் விளையாட்டைப் பின்தொடர்வதால் என்ன பயன்? பிடித்த சேனல்களை மட்டும் பின்தொடர்ந்தால் போதாதா?

போதும் என்று நினைத்துக்கொண்டிருந்த காலம் எனக்கும் உண்டு. ஆனால் சேனல்களை மட்டும் வைத்துப் பார்ப்பவர் ஏற்கெனவே தெரிந்தவர்களையே சுற்றிச் சுற்றி வருவார். புதியவர்களைக் கண்டடைய முகப்பை நம்பினால், அங்கே ஏற்கெனவே ஆயிரக்கணக்கில் பார்வையாளர்கள் உள்ளவர்களே முன்னால் நிற்பார்கள். விளையாட்டின் பக்கம் ஒன்றுதான் பெரியவர்களையும் சிறியவர்களையும் ஒரே கூரையின் கீழ் நிறுத்துகிறது.

அந்தப் பக்கத்திலும் ஒரு சிறிய வேலை செய்ய வேண்டும். வரிசைப்படுத்தும் பெட்டியைத் திறந்தால், பார்வையாளர் அதிகம் உள்ளவர்கள் முதலில், குறைவாக உள்ளவர்கள் முதலில், அண்மையில் தொடங்கியவர்கள் முதலில் என்ற தெரிவுகள் இருக்கும். 'குறைவாக உள்ளவர்கள் முதலில்' என்பதைத் தெரிவு செய்து பாருங்கள். பக்கம் முழுவதும் ஒன்று, மூன்று, சுழியம் என்ற எண்களாக நிறையும். அவர்களில் ஒருவரைத் திறந்தால், தனக்குத்தானே பேசிக்கொண்டு ஒரு கடினமான கட்டத்தை ஏழாவது முறையாக முயன்றுகொண்டிருப்பார். உரையாடல் பெட்டியில் ஒரு வரி எழுதினால், ஆட்டத்தை நிறுத்திவிட்டு உங்கள் பெயரைச் சொல்லிப் பதில் தருவார். ஆயிரம் பேர் பார்க்கும் சேனலில் உங்கள் வரி கண் இமைக்கும் நேரத்தில் மேலே ஓடி மறைந்துவிடும். நான் இன்று தவறாமல் பார்க்கும் ஸ்ட்ரீமர்களில் பாதிப் பேர் இப்படிக் கிடைத்தவர்களே. பழைய புதிர் விளையாட்டுகள், தனியொருவர் உருவாக்கிய சிறு விளையாட்டுகள் போன்றவற்றை விரும்புபவர்களுக்கு இதைவிட வேறு வழி இல்லை என்றே சொல்வேன், ஏனென்றால் அவற்றை ஆடும் சேனல்கள் எந்தப் பரிந்துரையிலும் எளிதில் வருவதில்லை.

நான் எந்த விளையாட்டுகளைப் பின்தொடர்கிறேன் என்பது மற்றவர்களுக்குத் தெரியுமா?

உங்கள் சேனல் பக்கத்தில் அந்தப் பட்டியல் காட்டப்படுவதில்லை. விளையாட்டின் பக்கத்தில் மொத்தம் எத்தனை பேர் பின்தொடர்கிறார்கள் என்ற எண் மட்டும் இருக்கும்.

பட்டியலிலிருந்து ஒன்றை எப்படி நீக்குவது?

அந்த விளையாட்டின் பக்கத்துக்குப் போய், நிரம்பிய இதயத்தை மறுபடி தொட்டால் போதும். ஒரு கருவியில் நீக்கினால் எல்லாவற்றிலும் நீங்கிவிடும். நீக்கியவற்றின் பதிவு எங்கும் காட்டப்படுவதில்லை என்பதால், ஒரே மூச்சில் பலவற்றை நீக்கும் முன் பட்டியலை ஸ்கிரீன்ஷாட்டாக எடுத்து வைத்துக்கொள்வது நல்லது.

செயலியை அழித்து மீண்டும் நிறுவினால் சரியாகுமா?

திரை உறைந்துபோவது, பழைய படமே மாறாமல் நிற்பது போன்ற கோளாறுகளுக்கு அது உதவும். கணக்கு தவறாக இருந்தால் உதவாது. என் தொலைக்காட்சிக் கதை அதற்குச் சான்று. பட்டியல் சர்வரில் இருப்பதால், அழிப்பதால் இழப்பும் இல்லை. கடவுச்சொல்லும், கணக்கோடு இணைத்த மின்னஞ்சலும் கையில் இருக்கின்றனவா என்று மட்டும் முதலில் பார்த்துக்கொள்ளுங்கள். மின்னஞ்சல் மறந்துபோனால் உள்ளே திரும்புவது பெரிய பாடாகிவிடும்.

இந்தப் பட்டியலை வேறொரு செயலிக்குக் கொண்டுபோக முடியுமா?

நேரடியாக முடியாது. வெளிச் செயலிகள் தரவை வாங்கிக்கொள்ள ட்விட்ச் திறந்துவைத்துள்ள ஏபிஐ என்ற இணைப்பு வழியில், பயனரின் அனுமதி இருந்தால் அவர் பின்தொடரும் சேனல்களை வாங்க வழி இருக்கிறது. விளையாட்டுகளுக்கு அப்படி ஒரு வழி தரப்படவில்லை. ஆகவே சேனல்களை அழகாகக் காட்டும் வெளிச் செயலிகள்கூட விளையாட்டுப் பட்டியலைக் காட்டாமல் இருப்பது அவற்றின் குறையன்று.

ஒரு செயலி மூடப்பட்டால் என்ன ஆகும் என்பதற்கும் முன்னுதாரணம் இருக்கிறது. கூகுள் 2015 ஆகஸ்டில் 'யூடியூப் கேமிங்' என்ற தனிச் செயலியைக் கொண்டுவந்தது. அதில் விளையாட்டுகளைப் பின்தொடரும் வசதி இருந்தது. 2019 மே மாதம் அது மூடப்பட்டபோது, சேனல் சந்தாக்கள் யூடியூபில் தொடர்ந்தன. பின்தொடர்ந்த விளையாட்டுகளின் பட்டியலை மாற்றித் தர இயலவில்லை. மைக்ரோசாஃப்டின் நேரலைத் தளமான மிக்சர் 2020 ஜூலை 22 அன்றும், ஃபேஸ்புக் கேமிங்கின் தனிச் செயலி 2022 அக்டோபர் 28 அன்றும் மூடப்பட்டன. கணக்கில் பத்திரமாக இருக்கும் பட்டியல், அந்தக் கணக்கைத் தாங்கும் சேவை இருக்கும் வரைதான் பத்திரம்.

அதனால் நான் கைப்பேசியின் குறிப்புச் செயலியில் விளையாட்டுப் பெயர்களை ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதி வைத்திருக்கிறேன். ஒவ்வொரு பெயருக்கும் பக்கத்தில், அது எந்தப் பாகம், கணினிப் பதிப்பா கைப்பேசிப் பதிப்பா என்று ஒரு சொல். புதிய கருவியில் உள்நுழையும்போது அந்தக் குறிப்பைத் திறந்து, மேலே உள்ள மூன்று பெயர்களை மட்டும் தேடி இதயத்தைப் பார்க்கிறேன். மூன்றும் நிரம்பியிருந்தால் கணக்கு சரி.